மூன்று ஆண்டு கணக்கு தாக்கலாகவில்லை, இயக்குநர் தகுதி போய்விட்டது: இனி என்ன செய்வது?

தொண்டிப் பக்கத்துக் கடலோர ஊரிலிருந்து ஒரு சகோதரி கேட்டிருப்பதைச் சுருக்கிச் சொல்கிறேன். கடல்பாசி வளர்க்கும் பெண்கள் சேர்ந்து ஓர் உற்பத்தியாளர் நிறுவனம் தொடங்கினார்கள். இவரும் இன்னும் நான்கு பெண்களும் இயக்குநர்கள். கணக்கு வழக்கு முழுவதையும், அவர்களைச் சேர்த்துவிட்ட தொண்டு அமைப்பு கொண்டுவந்த தலைமைச் செயல் அலுவலர் பார்த்துக்கொண்டார். உதவித்தொகை நின்றதும் அவரும் போய்விட்டார். 2019-20 ஆம் ஆண்டுக் கணக்குதான் கடைசியாகத் தாக்கலானது. அதன்பின் எதுவும் போகவில்லை. இப்போது கொழுந்தனார் கருவாட்டு ஏற்றுமதிக்கு ஒரு கம்பெனி தொடங்கி இவரையும் இயக்குநராகச் சேர்க்கப் போனபோது, "உங்கள் இயக்குநர் அடையாள எண் தகுதியிழந்துவிட்டது, சேர்க்க முடியாது" என்று ஆடிட்டர் சொல்லியிருக்கிறார். "ஒரு பைசா நான் எடுக்கவில்லை, எந்த நோட்டீசும் வரவில்லை. போலீஸ் வழக்கு வருமா, வீட்டை ஜப்தி செய்வார்களா, ராஜினாமா எழுதிக் கொடுத்தால் தீருமா?" என்பது அவர் கேள்வி.

கேள்விக்கு அடியில் இன்னொரு கேள்வி இருக்கிறது. தவறு செய்தவர் வேறொருவர் என்றால் தண்டனை எப்படி என் தலையில் விழுந்தது என்பதே அவர் உண்மையில் கேட்பது. கம்பெனி செயலராகப் பல ஆண்டுகளாக இந்த மாவட்டத்து உற்பத்தியாளர் நிறுவனங்களின் கோப்புகளைப் பார்த்துவருகிறேன். அந்த அனுபவத்தில் எழுதுகிறேன். சகோதரியின் கோப்பை நான் பார்க்கவில்லை. ஆகவே சட்டம் திட்டவட்டமாகச் சொல்வதையும், வாதத்துக்கு உரியதையும் தனித்தனியே சொல்லிவிடுகிறேன்.

பயத்தை முதலில் போக்கிவிடலாம். தகுதியிழப்பு என்பது குற்றத் தீர்ப்பு அல்ல. கைது, சிறை எதுவும் இதில் இல்லை. நிறுவனத்தின் கடனுக்காக உங்கள் வீட்டைத் தொட முடியாது. பங்குதாரரின் பொறுப்பு அவர் எடுத்த பங்கின் மதிப்போடு நின்றுவிடும். வங்கிக் கடனுக்குத் தனிப்பட்ட ஜாமீன் கையெழுத்துப் போட்டிருந்தால் மட்டும் கதை வேறு. அப்படி எதிலாவது கையெழுத்திட்டீர்களா என்று நினைவுபடுத்திப் பாருங்கள். மகளிர் சுயஉதவிக் குழுவில் நீங்கள் உறுப்பினராக இருப்பதையோ, மீனவர் கூட்டுறவுச் சங்கத்தில் இருப்பதையோ கம்பெனி சட்டத்தின் இந்தத் தகுதியிழப்பு தொடாது.

அடுத்து, எண் எந்தக் காரணத்தால் முடங்கியது என்று உறுதிசெய்யுங்கள். இயக்குநர் அடையாள எண் இரண்டு காரணங்களால் முடங்கும். இரண்டையும் ஒன்றாகக் குழப்பிக்கொள்பவர்களைத்தான் அதிகம் பார்க்கிறேன். ஒன்று, இயக்குநரின் முகவரி, கைபேசி விவரங்களை உறுதிசெய்யும் கேஒய்சி படிவத்தைக் கெடுவுக்குள் தராமல் விட்டது. அப்படியானால் 5,000 ரூபாய் தாமதக் கட்டணம் கட்டிப் படிவத்தைக் கொடுத்தால் எண் உயிர்பெறும். இன்னொன்று, கம்பெனி மூன்று ஆண்டுக் கணக்கைத் தராததால் கம்பெனிகள் சட்டத்தின் 164(2) பிரிவின்படி தகுதியிழந்தது. இதுதான் பெரிய சிக்கல். கம்பெனி விவகார அமைச்சகத்தின் இணையதளத்தில் எண்ணைப் போட்டுப் பார்த்தால் எது என்று தெரியும். நிறுவனத்தின் பெயரைப் போட்டால் கடைசிப் பொதுக்குழு நடந்த தேதியும், கடைசியாகத் தாக்கலான இருப்புநிலைக் குறிப்பின் தேதியும் இலவசமாகவே தெரியும். ஆடிட்டர் வாய்மொழியாகச் சொன்னதை நம்பி முடிவெடுக்காமல், அந்தப் பக்கத்தை அச்செடுத்து வைத்துக்கொள்ளுங்கள்.

கேஒய்சி விஷயத்தில் இந்தப் பக்கத்துக்கே உரிய ஒரு தொல்லை உண்டு. பாசிப் பெண்களின் நிறுவனக் கோப்பு ஒன்று என் மேசைக்கு வந்தது. ஐந்து இயக்குநர்களின் மின்கையொப்பக் கருவிகளும் ஒரே ரப்பர் பேண்டில் கட்டப்பட்டு, ஒவ்வொன்றிலும் பேனாவால் பெயர் எழுதி ஒட்டியிருந்தது. ஐந்தும் காலாவதி. ஐந்து பேருக்கும் பதிவு செய்திருந்த கைபேசி எண் ஒன்றே. அது வேலையை விட்டுப் போய்விட்ட அலுவலருடையது. அந்தப் பெண்களில் யாரும் தங்கள் கருவியைக் கையால் தொட்டதே இல்லை. அவர்கள் பெயரில் என்ன கையெழுத்தானது என்று அவர்களுக்குத் தெரிய வழியே இருக்கவில்லை. உங்கள் எண்ணோடு இணைந்த கைபேசியும் மின்னஞ்சலும் யாருடையவை என்று இன்றே பாருங்கள். ஒருமுறைக் கடவுச்சொல் (ஓடிபி) இன்னொருவருக்குப் போய்க்கொண்டிருந்தால் மேற்கொண்டு எதுவும் நகராது.

இனி சட்டம். கம்பெனிகள் சட்டம், 2013-இன் 164(2)(அ) பிரிவு சொல்வது இதுதான்: ஒரு கம்பெனி தொடர்ந்து மூன்று நிதியாண்டுகளுக்கு நிதிநிலை அறிக்கையையோ ஆண்டு விவர அறிக்கையையோ தாக்கல் செய்யாவிட்டால், அதன் இயக்குநராக இருப்பவரும் இருந்தவரும் அந்தக் கம்பெனியில் மறுபடி நியமனம் பெறவோ வேறு கம்பெனியில் இயக்குநராகவோ ஐந்து ஆண்டுகளுக்குத் தகுதியற்றவர். யார் தவறு, யாருக்குத் தெரியும், யார் பணம் எடுத்தார் என்று அந்த வாசகம் கேட்பதில்லை. நோட்டீஸ் அனுப்ப வேண்டும் என்றும் அதில் இல்லை. 1956-ஆம் ஆண்டுச் சட்டத்தில் இதே விதி பொதுக் கம்பெனிகளுக்கு மட்டுமே இருந்தது. 2014 ஏப்ரல் 1 முதல் தனியார் கம்பெனிகளுக்கும் விரிந்தது. பெயரளவில் மட்டும் இருந்து கறுப்புப் பணத்துக்கு வாசலாகும் கம்பெனிகளைப் பிடிப்பதற்காக 2017-இல் துறை பட்டியல்களை வெளியிட்டபோது, நாடு முழுவதும் 3 லட்சத்துக்கும் மேற்பட்ட இயக்குநர்கள் தகுதியிழந்தவர்களாக அறிவிக்கப்பட்டார்கள். அந்த வலையில் சுறாவோடு சென்னாகுன்னியும் சேர்ந்தே அகப்பட்டது.

ஐந்து ஆண்டு எப்போது தொடங்குகிறது? மூன்றாம் ஆண்டின் கெடு தவறிய நாளிலிருந்து. உங்கள் கணக்கில் 2020-21, 2021-22, 2022-23 ஆகிய மூன்றும் போகவில்லை. 2022-23-க்கான பொதுக்குழு 2023 செப்டம்பர் 30-க்குள் நடந்திருக்க வேண்டும். பொதுவான கம்பெனிகளுக்கு நிதிநிலை அறிக்கைக்கு அதிலிருந்து 30 நாள், ஆண்டு விவர அறிக்கைக்கு 60 நாள். உற்பத்தியாளர் நிறுவனங்களுக்கான அத்தியாயமோ இரண்டுக்கும் 60 நாள் தருகிறது. ஆக, எப்படிப் பார்த்தாலும் 2023 அக்டோபர் கடைசிக்கும் நவம்பர் கடைசிக்கும் நடுவில் தொடங்கி, 2028-இல் அதே சமயத்தில் முடியும். 2017 பட்டியல்களில் 01.11.2016 முதல் 31.10.2021 வரை என்பதுபோலத் துறை தேதி போட்டது. உங்களுக்கும் அந்தப் பாணியில்தான் போட்டிருப்பார்கள். இங்கே ஓர் எச்சரிக்கை: 2028 வரை சும்மா இருந்தால் தானாக விடுதலை என்று எண்ணிவிடாதீர்கள். 2023-24-உம் போகவில்லையென்றால் 2021-22 முதல் 2023-24 வரை இன்னொரு தொடர்ச்சியான மூன்றாண்டு ஆகிறது. அதற்குத் தனியாக ஐந்தாண்டு ஓடும் என்று வாதிட வாசகத்தில் இடமிருக்கிறது. முடிந்த தீர்ப்பாக இதைச் சொல்லவில்லை. ஆனால் அந்த ஆபத்தைச் சுமந்துகொண்டு காத்திருக்க நான் யாருக்கும் ஆலோசனை சொல்ல மாட்டேன்.

ஆடிட்டர்கள் பலர் கவனிக்காமல் விடும் இடம் ஒன்று உண்டு. சாதாரணத் தனியார் கம்பெனியில் 164(2)-இல் தகுதியிழந்த இயக்குநர், மற்ற கம்பெனிகளில் இருக்கும் பதவியை இழப்பார். தாக்கல் தவறிய கம்பெனியில் மட்டும் பதவி நீடிக்கும். 2018 மே 7 முதல் நடப்பில் உள்ள விதிவிலக்கு இது. தவறியதைச் சரிசெய்ய யாராவது உள்ளே இருக்க வேண்டும் அல்லவா, அதற்காக வைத்தது. உற்பத்தியாளர் நிறுவனத்தின் நிலையோ தலைகீழ். அவற்றுக்கென 21அ என்று தனி அத்தியாயம் இருக்கிறது. அதில் 378கியூ பிரிவு, மூன்று ஆண்டுகள் தொடர்ந்து ஆண்டுக் கணக்கும் ஆண்டு விவர அறிக்கையும் தாக்கலாகாவிட்டால் அதே நிறுவனத்தில் இயக்குநர் பதவி காலியாகும் என்கிறது. வாங்கிய கடனைத் திருப்பாமல் 90 நாள் தாண்டினாலும் பதவி காலி. பொது விதியில் "அல்லது" இருக்கும் இடத்தில் இங்கே "மற்றும்" இருப்பதால், இரண்டில் ஒன்று தாக்கலாகியிருந்தால் இந்தப் பிரிவு பொருந்தாது என்று வாதிடலாம். உங்களுக்கு இரண்டுமே போகவில்லை, எனவே அந்த வாதம் உதவாது. இந்தப் பிரிவும் பொது விதியும் எப்படி இணைந்து நிற்கும் என்பதில் கருத்து வேறுபாடு வரலாம். ஆனாலும் பாதுகாப்பாக நடக்க வேண்டும் என்றால், உங்கள் ஐவரின் இருக்கையும் காலி என்றே வைத்துக்கொள்ளுங்கள். பதவி காலியானது தெரிந்தும் இயக்குநராகச் செயல்பட்டால் 1 லட்சம் முதல் 5 லட்சம் ரூபாய் வரை அபராதம் உண்டு. ஆகவே இனி நிறுவனக் காசோலையிலோ தீர்மானத்திலோ இயக்குநர் என்று கையெழுத்துப் போடாதீர்கள்.

ஐந்து பேரும் காலி என்றால் கணக்கைத் தாக்கல் செய்வது யார்? எண் முடங்கியிருப்பதால் கணினியும் உங்கள் கையெழுத்தை ஏற்காது. தாக்கல் செய்தால்தான் சிக்கல் தீரும், சிக்கல் தீர்ந்தால்தான் தாக்கல் செய்ய முடியும். கிராமத்துப் பெண்களை இந்த முட்டுச் சந்தில் கொண்டுவந்து நிறுத்தியதற்கு, அவர்களைச் சேர்த்துவிட்டு நிதி முடிந்ததும் கிளம்பிவிடும் அமைப்புகளைத்தான் நான் முதலில் பொறுப்பாக்குவேன். பதிவுச் சான்றிதழ் கொடுக்கும் நாளில் மாலை போட்டுப் படம் எடுக்கிறார்கள். ஆண்டுதோறும் இரண்டு படிவம் போக வேண்டும், போகாவிட்டால் உங்கள் பெயர் கெடும் என்று அந்த மேடையில் ஒருவர்கூடச் சொல்வதில்லை.

முட்டுச் சந்திலிருந்து வெளியேற இரண்டு வழிகள் உண்டு. ஒன்று, புது இயக்குநர்கள். 2018-இல் வந்த திருத்தத்தின்படி, ஏற்கெனவே தவறிய கம்பெனியில் புதிதாக இயக்குநராக வருபவர் முதல் ஆறு மாதங்களுக்குத் தகுதியிழக்க மாட்டார். அந்த ஆறு மாதத்துக்குள் நிலுவையை முடித்துவிட வேண்டும் என்பதே அதன் நோக்கம். இருக்கும் இயக்குநர் எல்லோருடைய பதவியும் காலியாகிவிட்டால், நிறுவனத்தைத் தொடங்கியவர்களோ, அவர்கள் இல்லாவிட்டால் மத்திய அரசோ, பொதுக்குழு தேர்ந்தெடுக்கும்வரை இயக்குநர்களை நியமிக்கலாம் என்று 167(3) சொல்கிறது. உறுப்பினர்களில் படித்த பெண்கள், பட்டம் முடித்து ஊரில் இருக்கும் மருமகள்கள் உறுப்பினராகும் தகுதியோடு இருந்தால் அவர்களைக் கொண்டுவாருங்கள். உற்பத்தியாளர் நிறுவனத்தில் குறைந்தது ஐந்து இயக்குநர்கள் வேண்டும்.

இரண்டாவது வழி உயர் நீதிமன்றம். ராமநாதபுரம் மாவட்டத்துக்கு மதுரைக் கிளை. 2020 அக்டோபர் 9 அன்று சென்னை உயர் நீதிமன்றத்தின் இரு நீதிபதி அமர்வு, தகுதியிழப்பைக் காரணமாக்கி இயக்குநர் எண்ணை முடக்கக் கம்பெனிப் பதிவாளருக்கு விதிகளில் அதிகாரமே இல்லை என்று கூறி, மனுதாரர்களின் எண்களை மீண்டும் இயக்க உத்தரவிட்டது. தகுதியிழப்பு நடவடிக்கை எடுக்க விரும்பினால், தவறு எந்த இயக்குநரைச் சேரும் என்று விசாரித்தே எடுக்க வேண்டும் என்றும் சொன்னது. சகோதரி, உங்கள் ஆதங்கத்துக்குச் சட்டம் செவிசாய்த்த இடம் இதுதான். டெல்லி உயர் நீதிமன்றம் 2019 நவம்பரில் எதிர்த்திசையில், தகுதியிழப்பு சட்டத்தாலேயே நேர்வது, முன்னறிவிப்பு தேவையில்லை என்றது. நீதிமன்றங்கள் ஒரே குரலில் பேசவில்லை. உங்கள் ஊருக்கு வழிகாட்டுவது சென்னைத் தீர்ப்பு. ஆனாலும் ரிட் மனுவை ஏற்பதும் எந்த அளவுக்கு நிவாரணம் தருவதும் நீதிபதியின் விருப்புரிமை. நிலுவைத் தாக்கலை முடிக்கிறேன் என்று முன்வருபவரின் மனு நன்றாக எடுபடுகிறது. எண்ணை மட்டும் விடுவியுங்கள், கணக்கைப் பற்றிக் கேட்காதீர்கள் என்று போனால் எடுபடாது.

தவறு யாரைச் சேரும் என்ற விசாரணை வந்தால் உங்கள் கையில் என்ன இருக்கிறது? நிறையவே இருக்கிறது. 378டபிள்யூ பிரிவின்படி ஒவ்வோர் உற்பத்தியாளர் நிறுவனத்துக்கும் முழுநேரத் தலைமைச் செயல் அலுவலர் கட்டாயம். அவர் உறுப்பினராக இருக்கக் கூடாது, பதவிவழி இயக்குநராகவும் இருப்பார். கணக்குப் புத்தகம் வைப்பது, ஆண்டுக் கணக்கைத் தயாரித்துத் தணிக்கைக்கு ஏற்பாடு செய்வது, தணிக்கையான கணக்கை இயக்குநர் குழுவிலும் பொதுக்குழுவிலும் வைப்பது ஆகியவற்றை அந்தப் பிரிவே அவர் கடமையாக எழுதிவைத்திருக்கிறது. மறுபக்கத்தையும் சொல்ல வேண்டும். கணக்கு முறையாக வைக்கப்படுகிறதா என்று பார்ப்பது இயக்குநர் குழுவின் வேலை என்றும் அதே அத்தியாயத்தில் இருக்கிறது. ஆகவே 'எனக்குத் தெரியாது' என்பது மட்டும் போதாது. அவர் நியமன உத்தரவு, கணக்கு என்ன ஆயிற்று என்று அவரிடம் கேட்ட வாட்ஸ்அப் செய்திகள், குழுக் கூட்டத்தில் பேசியதன் குறிப்பேடு, தொண்டு அமைப்புக்கு எழுதிய கடிதம் என ஒன்றையும் அழித்துவிடாதீர்கள். குரல் செய்தி என்றாலும் பரவாயில்லை, வைத்திருங்கள்.

ராஜினாமாவால் நடந்தது அழியாது. தகுதியிழப்பு இயக்குநராக "இருந்தவரையும்" பிடிக்கிறது. தவறு நிகழும் முன்பே எழுத்தில் விலகல் கடிதம் கொடுத்திருந்து, நிறுவனம் அதைப் பதிவாளருக்குத் தெரிவிக்காமல் விட்டிருந்தால் மட்டும் நிலைமை வேறு. அப்படியானால் கடிதம் சேர்ந்ததற்கான அத்தாட்சியோடு விலகலைப் பதிவாளருக்குத் தெரிவிக்கும் டிஐஆர்-11 படிவத்தை நீங்களே கொடுக்கலாம். ஐவரில் யாராவது அப்படி விலகியிருக்கிறாரா என்று விசாரியுங்கள்.

பணம் எவ்வளவு ஆகும் என்பதையும் மறைக்காமல் சொல்லிவிடுகிறேன். 2018 ஜூலை முதல் ஒவ்வொரு படிவத்துக்கும் தாமதமான நாள் ஒன்றுக்கு 100 ரூபாய், உச்ச வரம்பு கிடையாது. இரண்டு படிவத்துக்கும் ஓர் ஆண்டுத் தாமதம் 73,000 ரூபாய். மூன்றாண்டு நிலுவையில் ஒன்று ஓராண்டு, அடுத்தது ஈராண்டு, மற்றது மூவாண்டு பிந்தியிருந்தால் மொத்தம் 4,38,000 ரூபாய். உங்கள் நிலுவை அதைவிட நீண்டது. இது நிறுவனத்தின் பொறுப்பு, உங்கள் கைப்பணம் அல்ல. இதுதவிர தாக்கல் செய்யாததற்கான தண்டத்தொகையை இயக்குநர் மேல் தனிப்படவும் விதிக்கலாம். உற்பத்தியாளர் நிறுவனம் என்பதால் மற்ற கம்பெனிகளுக்குள்ளதில் பாதிக்கு மேல் விதிக்கக் கூடாது என்று 446பி பிரிவு தடுக்கிறது. விசாரணை நோட்டீஸ் வந்தால் பதிலில் இந்தப் பிரிவைக் கட்டாயம் எழுதுங்கள். தாமதக் கட்டணத்தைக் குறைத்து அரசு அவ்வப்போது சலுகைத் திட்டம் அறிவிப்பது வழக்கம். 2018-இலும் 2020-இலும் அப்படி வந்தன. தணிக்கையை இப்போதே முடித்துக் கணக்கைத் தயாராக வைத்திருப்பவர்தான் அத்தகைய சலுகை திறக்கும் சில மாதங்களைப் பயன்படுத்த முடியும்.

நிறுவனம் பதிவேட்டிலிருந்தே நீக்கப்பட்டிருந்தால் வங்கிக் கணக்கு முடங்கியிருக்கும். அப்போதும் வழி இருக்கிறது: நீக்க அறிவிப்பு வெளியானதிலிருந்து 20 ஆண்டுகளுக்குள் உறுப்பினர் ஒருவரே சென்னையிலுள்ள தேசிய கம்பெனி சட்டத் தீர்ப்பாயத்தில் மீட்பு மனு போடலாம்.

கொழுந்தனாரின் கம்பெனி விஷயம் எளிது. இயக்குநராக வேண்டாம், பங்குதாரராகச் சேருங்கள். பங்கு வைத்திருக்க இந்தத் தகுதியிழப்பு தடையல்ல. அல்லது தொழிலைச் சாதாரணக் கூட்டு வணிகமாகப் பதிவு செய்யலாம். எல்எல்பி எனப்படும் வரையறுத்த பொறுப்புக் கூட்டாண்மை வேண்டாம், அங்கும் இதே எண்தான் கேட்பார்கள், கணினி மறித்துவிடும். உங்களை இயக்குநராகக் காட்டி ஏற்கெனவே ஏதாவது படிவம் அனுப்பியிருந்தால், உடனே அந்த ஆடிட்டரிடம் சொல்லித் திருத்தச் சொல்லுங்கள்.

நிறுவனம் மறுபடி எழுந்தால் ஒரு யோசனை. தாக்கல் கெடு வரும் அக்டோபர், நவம்பர் மாதங்கள் நமக்கு வடகிழக்குப் பருவமழைக் காலம். கடல் கொந்தளிக்கும், மிதவைகளைக் கரையேற்றிவிடுவோம், பாசி வருமானம் நின்றிருக்கும். ஆடிட்டர் கட்டணத்துக்குக் காசு இல்லாத நேரத்தில்தான் கெடு வந்து நிற்கிறது. பல நிறுவனங்கள் முதல் தாக்கலைத் தவறவிட்டதே இதனால்தான். பொதுக்குழுவைச் செப்டம்பர் வரை தள்ள வேண்டும் என்று எந்தச் சட்டமும் சொல்லவில்லை. மார்ச் 31-இல் கணக்கு முடிகிறது. ஏப்ரல் 15 முதல் ஜூன் 14 வரை மீன்பிடித் தடைக்காலத்தில் விசைப்படகுகள் கரையில் நிற்கும்போது தணிக்கையை முடித்து, ஜூனில் பொதுக்குழு நடத்தி, கையில் காசு இருக்கும்போதே இரண்டு படிவங்களையும் அனுப்பிவிடலாம்.

வழக்கறிஞர் செலவை நினைத்துத் தயங்காதீர்கள். சட்டப் பணிகள் ஆணையச் சட்டம், 1987-இன் 12-ஆம் பிரிவின்படி பெண்களுக்கு வருமான வரம்பு இல்லாமல் இலவச சட்ட உதவி உரிமை உண்டு. ராமநாதபுரத்தில் மாவட்ட நீதிமன்ற வளாகத்தில் உள்ள சட்டப் பணிகள் ஆணைக்குழுவில் எழுதிக் கொடுங்கள். மதுரைக் கிளையில் மனு போட அங்கிருந்தே வழிகாட்டுவார்கள். போகும்போது ஐந்து பேரும் சேர்ந்து போங்கள். பதிவுச் சான்றிதழ், கடைசியாகத் தணிக்கையான கணக்கு, வங்கிப் புத்தகம், நான் சொன்ன அந்த இணையதள அச்சு, அலுவலரின் நியமனக் கடிதம் ஆகியவை கையில் இருக்கட்டும். நியமனக் கடிதம் கிடைக்காவிட்டால், அவருக்குச் சம்பளம் போன வங்கிக் கணக்கு விவரமே அவர் எந்த மாதம்வரை பொறுப்பில் இருந்தார் என்பதைக் காட்டிவிடும்.